போட்ட நகைக்கு என்ன சாட்சி?

(நாமக்கல் மாவட்டத்தில் மகளிர் சுய உதவிக் குழுக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

முதல்லயே ஒண்ணு சொல்லிடறேன், நான் வக்கீல் இல்லை. அரசுத் திட்டங்களையும் சட்டங்களையும் மக்களுக்குப் புரியற மாதிரி எழுதறது என் வேலை. அதனால இன்னைக்கு நான் சொல்றதை வைத்துக்கொண்டு நேரா கோர்ட்டுக்குப் போயிடாதீங்க. வக்கீலைப் பார்க்கப் போகும்போது கையில் என்ன எடுத்துக்கொண்டு போகணும், அவர்கிட்ட என்ன கேட்கணும், அதுக்கு மட்டும் இந்தப் பேச்சு உதவும்.

விஷயம் நம்ம எல்லா வீட்டிலும் இருக்கிறதுதான். பொண்ணுக்கு இருபது பவுன் போட்டோம், மாப்பிள்ளை கையில் மூணு லட்சம் கொடுத்தோம், சீர் சாமான் ஒரு வண்டி நிறைய அனுப்பினோம். நாலு வருஷத்தில் பொண்ணு வெறுங்கையோடு அப்பன் வீட்டுக்கு வந்து நிக்குது. நகையைக் கேட்டா, "என்ன நகை? அவதானே எடுத்துட்டுப் போனா" என்று பதில் வருது. ஸ்டேஷனுக்குப் போனாலும் சரி, கோர்ட்டுக்குப் போனாலும் சரி, அடுத்த கேள்வி ஒண்ணுதான்: கொடுத்ததுக்கு என்ன ஆதாரம்?

ஆதாரத்துக்கு முன்னால், அந்த நகை யாருடையது என்பதைப் பார்த்துக்கலாம். இதில் சட்டத்தில் குழப்பமே இல்லை. கல்யாணத்துக்கு முன்போ, கல்யாணத்திலோ, அதற்குப் பிறகோ பெண்ணுக்குக் கொடுத்த நகை, பணம், பாத்திரம் எல்லாம் அவளுடைய சீதனம். அது அவளுக்கு மட்டுமே சொந்தம். 1985-ல் பிரதிபா ராணி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. மாமியார் பீரோவில் இருந்தாலும் அது பத்திரமாக வைக்கக் கொடுத்த பொருள்தான், கேட்டால் திருப்பித் தரணும். தராமல் வைத்துக்கொண்டால் நம்பிக்கை மோசடிக் குற்றம். அப்போது இந்திய தண்டனைச் சட்டத்தில் 406-வது பிரிவு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 316-வது பிரிவு. கஷ்டத்துக்குக் கணவன் அதை எடுத்துப் பயன்படுத்தலாம், ஆனால் திருப்பிக் கொடுக்க வேண்டிய கடமை அவனுக்கு உண்டு.

சரி, சொந்தம் நம்முடையதுதான். எவ்வளவு தூரத்துக்கு நிரூபிக்கணும்? இங்கேதான் நிறைய பேர் பயந்து விட்டுவிடறாங்க. "பில் இல்லைங்க, அதனால் கேஸ் நிக்காது" என்று அவங்களே தீர்ப்பு எழுதிடறாங்க. இதற்குக் கேரளாவில் நடந்த ஒரு வழக்கைச் சொல்றேன், கொஞ்சம் விவரமாகவே.

2003-ல் அந்தப் பெண்ணுக்குக் கல்யாணம். பிறந்த வீட்டில் போட்டது 89 சவரன். கல்யாணத்துக்குப் பிறகு அவருடைய அப்பா மாப்பிள்ளைக்கு 2 லட்சம் ரூபாயைக் காசோலையாகக் கொடுத்திருக்கிறார். முதல் நாள் இரவே, பத்திரமாக இருக்கட்டும் என்று சொல்லி நகை முழுவதையும் கணவர் வாங்கித் தன் அம்மாவிடம் கொடுத்துவிட்டார், பிறகு அவங்க பழைய கடனை அடைக்க அது போய்விட்டது என்பது அந்தப் பெண்ணின் வாக்குமூலம். கணவர் வீட்டார் மறுத்தார்கள். 2009-ல் அவர் குடும்ப நல நீதிமன்றத்துக்குப் போனார். 2011-ல் ஜெயித்தார். நகைக்கு 8,90,000 ரூபாய் தரச் சொன்னார்கள். எதிர்த்தரப்பு உயர் நீதிமன்றத்துக்குப் போனது. 2022-ல் அங்கே தீர்ப்பு தலைகீழாக மாறியது. கணவர் நகையை எடுத்துக்கொண்டார் என்பது நிரூபணம் ஆகவில்லை என்று சொல்லிவிட்டார்கள். புதுப் பொண்ணு முதல் நாளே எல்லா நகையையும் கழற்றிக் கொடுப்பாளா என்ற சந்தேகம். 2006-லேயே பிரிந்துவிட்டு 2009 வரை ஏன் சும்மா இருந்தாய் என்ற கேள்வி வேறு.

2024 ஏப்ரல் 24-ல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் சஞ்சீவ் கன்னா, தீபங்கர் தத்தா அமர்வு இந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. அவங்க சொன்னதன் சாரம் இதுதான்: இது கொலை வழக்கு இல்லை, உரிமை வழக்கு. கிரிமினல் வழக்கில் கேட்பதுபோல் சந்தேகத்துக்கு இடமில்லாத நிரூபணத்தை இதில் கேட்கக் கூடாது. இரண்டு தரப்பு சொல்வதையும் எடை போட்டு, எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று பார்த்தால் போதும். கல்யாணம் என்பதே ஒருத்தரை ஒருத்தர் நம்புவதுதான். முதல் நாளிலேயே மனைவி கணவனை நம்பமாட்டாள் என்று நினைப்பதுதான் இயல்புக்கு மாறானது. விவாகரத்து கேட்டு உடனே ஓடி வரவில்லை என்பதற்காகப் பெண்ணைச் சந்தேகப்படவும் முடியாது. நகைக்கு ஈடாக 25 லட்சம் ரூபாயை ஆறு மாதத்துக்குள் கொடுக்கச் சொன்னார்கள்.

நல்ல தீர்ப்பு. ஆனால் கணக்கைப் பாருங்க. கல்யாணம் ஆகி 21 வருஷம், கேஸ் போட்டு 15 வருஷம். 25 லட்சத்தை 89-ஆல் வகுத்தால் சவரனுக்கு 28,000 ரூபாய் சொச்சம். அந்த ஏப்ரலில் கடையில் ஒரு சவரன் 50,000 ரூபாயைத் தாண்டியிருந்தது. ஆக, ஆதாரம் குறைவாக இருந்தால் ஜெயிக்கவே முடியாது என்பதில்லை, ஜெயிக்க ரொம்ப நாள் ஆகும், வருவதும் குறையும். ஆதாரத்தைச் சேர்த்து வைக்கச் சொல்வது இதனால்தான்.

இப்போ ஆதாரத்துக்கு வருவோம். நான் படித்துப் பார்த்தவரைக்கும் இந்த வழக்குகளில் கேட்கப்படுவது மூன்றே கேள்விதான். நகை உண்மையிலேயே வாங்கினீங்களா? அது பொண்ணு கைக்கு வந்ததா? கடைசியாக யார் கையில் இருந்தது? நம்ம ஆட்கள் முதல் இரண்டுக்கும் ஆல்பம் ஆல்பமாக வைத்திருப்பாங்க. மூன்றாவதுக்கு ஒண்ணும் இருக்காது. மேலே சொன்ன வழக்கு 15 வருஷம் இழுத்ததும் அந்த மூன்றாவதில்தான்.

முதல் கேள்வி, வாங்கியது. ஜி.எஸ்.டி. 3 சதவீதம். பத்து லட்சத்துக்கு நகை எடுத்தா 30,000 ரூபாய். அதை மிச்சம் பண்ணத் துண்டுச் சீட்டில் எஸ்டிமேட் போட்டு வாங்கிட்டு வந்துடறோம். ரெண்டு லட்சத்துக்கு மேல் போனா பான் எண் கேட்பாங்க என்று அதையும் நாலு பேர் பேரில் பிரிக்கிறோம். கல்யாணத்தன்னைக்கு அது சாமர்த்தியம் மாதிரித் தெரியும். பின்னாடி அந்தச் சீட்டில் உங்க பேரும் இருக்காது, கடை முத்திரையும் இருக்காது. சேலத்துக் கடைவீதியில் எடுத்தாலும் சரி, ஊர் ஆசாரிகிட்ட செய்தாலும் சரி, பேரோட ஒரு ரசீது வாங்குங்க.

2021 ஜூன் 16 முதல் ஹால்மார்க் படிப்படியாகக் கட்டாயமாகி வருது. 2023 ஏப்ரல் 1 முதல் ஹால்மார்க் நகையை ஆறு எழுத்து எண் கொண்ட எச்.யு.ஐ.டி. இல்லாமல் கடைக்காரர் விற்க முடியாது. நகை உள்பக்கம் பொடி எழுத்தில் இருக்கும். உங்க கைபேசியில் 'பி.ஐ.எஸ். கேர்' செயலியைப் போட்டு அந்த எண்ணை அடித்தால் எந்தக் கடை, என்ன வகை நகை, என்ன தரம், எப்போ முத்திரை போட்டது என்று வரும். யாருக்கு விற்றது என்று மட்டும் வராது. அதனால் பில்லில் அந்த எண்ணை எழுதித் தரச் சொல்லிக் கேளுங்க. ஒவ்வொரு நகையையும் எண் தெரியற மாதிரி ஒரு படம், எடை மெஷின் மேல் வைத்து ஒரு படம். அரை மணி நேர வேலைங்க.

பழைய நகை, பாட்டி நகை, அழித்துச் செய்தது, இதுக்கெல்லாம் பில் இருக்காது. பரவாயில்லை. பணம் எங்கிருந்து வந்தது என்று காட்டலாம். அந்த மாதம் அப்பா வைப்புத்தொகையை முடித்திருப்பார், பி.எஃப். எடுத்திருப்பார், சீட்டுப் பணம் வந்திருக்கும், அரை ஏக்கர் விற்றிருப்பார். அந்த வங்கிக் கணக்கு, கிரையப் பத்திரம், சீட்டு பாஸ்புக் எல்லாமே துணை ஆதாரம்தான். வாங்கியது உண்மையாக இருக்க வாய்ப்பு அதிகம் என்று காட்ட இவை உதவும்.

இரண்டாவது, பொண்ணு கைக்கு வந்ததா. கல்யாண ஆல்பத்தைத்தான் எல்லோரும் தூக்கிட்டுப் போவாங்க. அது உதவும், ஆனால் அதையே முழுசா நம்பாதீங்க. இப்போ வாடகைக்கு செட் எடுத்துப் போடறாங்க, கவரிங்கும் தங்கமும் படத்தில் ஒண்ணு மாதிரிதான் மின்னுது. எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் கேட்பதும் அதைத்தான். பில்லில் இருக்கும் ஆரமும் படத்தில் இருக்கும் ஆரமும் ஒண்ணுதான் என்று டிசைன் பார்த்துச் சொல்ல முடிந்தால்தான் அந்தப் படத்துக்கு மதிப்பு.

அதைவிட நல்ல ஆதாரம் ஒண்ணு சட்டத்திலேயே இருக்கு. நம்ம பக்கம் யாரும் செய்து நான் பார்த்ததில்லை. வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் 1985 அக்டோபர் 2 முதல் ஒரு விதி இருக்குங்க. கல்யாணத்தில் பொண்ணுக்கு வந்த அன்பளிப்புக்கு ஒரு பட்டியலும், மாப்பிள்ளைக்கு வந்ததுக்கு ஒரு பட்டியலும் எழுதணும். என்ன பொருள், ஏறக்குறைய என்ன மதிப்பு, கொடுத்தது யார், அவர் சொந்தக்காரரா, என்ன முறை. ரெண்டு பேரும் கையெழுத்துப் போடணும். எழுதத் தெரியாதவங்களுக்குப் படித்துக்காட்டி ரேகை வாங்கலாம். சொந்தக்காரங்களும் கையெழுத்துப் போடலாம். முத்திரைத்தாள் எதுவும் தேவையில்லை, சாதா காகிதம் போதும். மொய் நோட்டை நாம எவ்வளவு ஜாக்கிரதையா எழுதறோம்! ஐநூறு ரூபாய் வைத்தவர் பேரு, ஊரு, தகப்பன் பேரு வரைக்கும். இருபது பவுனுக்கு மட்டும் ஒரு வரி கிடையாது. "சம்பந்தி மனசு கோணிடும்" என்று சொல்வாங்க. சீர்த் தட்டு வைக்கும்போது மொய் எழுதறவரையே இதையும் எழுதச் சொன்னா யார் மனசும் கோணாது என்பது என் எண்ணம். உங்க வீட்டு மொய் நோட்டைத் தேடிப் பாருங்க. தாய்மாமன் சீர் என்று எழுதி அதில் மோதிரம், தோடு இருந்தால் அதுவும் ஆதாரம்தான்.

மூன்றாவது கேள்வி. இதில்தான் நம்ம ஊர்க் கதை இருக்கு. நம்ம பக்கம் நகை பீரோவில் தூங்கறதில்லைங்க. திருச்செங்கோட்டில் ரிக் வண்டிக்குப் பங்கு போடணும், நாமக்கல்லில் லாரிக்கு முன்பணம் கட்டணும், பள்ளிபாளையத்தில் நாலு தறி போடணும், கோழிப்பண்ணைக்குத் தீவனம் எடுக்கணும் என்றால் முதலில் கை வைப்பது மருமகள் நகையில்தான். ரெண்டு மாசத்தில் மீட்டுத் தர்றேன் என்பாங்க. பெரும்பாலும் மனசார நம்பித்தான் கழற்றிக் கொடுக்கிறோம்.

அந்த அடகுதான் பின்னாடி நல்ல சாட்சியாக மாறும். வங்கியோ, தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கமோ நகைக்கடன் கொடுக்கும்போது மதிப்பீட்டாளர் ஒவ்வொரு நகையையும் எழுதுவார். ஆரம் ஒண்ணு, வளையல் நாலு, மொத்த எடை, கல் போக நிகர எடை. கடன் யார் பேரில், என்ன தேதி, மீட்டது யார், எல்லாம் அங்கே இருக்கும். உரிமம் வாங்கிய அடகுக்கடைக்காரரும் சீட்டுக் கொடுக்கணும், பதிவேடு வைக்கணும். மாமனார் பேரில் கடன் இருந்தால் அந்த விவரத்தை வங்கி உங்களுக்கு நேராகத் தராது. ஆனால் எந்த வங்கி, எந்தக் கிளை, ஏறக்குறைய எந்த மாதம் என்று சொன்னால், அந்த ஆவணத்தை வரவழைக்கச் சொல்லி நீதிமன்றத்தில் உங்க வக்கீல் மனு போட முடியும். அதனால் நகை கைமாறும்போது கிளையின் பேரையாவது கேட்டு வைத்துக்கோங்க. முடிஞ்சா அடகுச் சீட்டைப் படம் எடுத்துக்கோங்க.

அடுத்தது உங்க கையில் இருக்கும் போன். "நகையைச் சங்கத்தில் வச்சிருக்கேன், தை மாசம் மீட்டுடலாம்" என்று கணவர் வாட்ஸ்அப்பில் அனுப்பிய ஒரே வரி, பத்து சாட்சிக்குச் சமம். கோபத்தில் சாட்டை அழிச்சிடாதீங்க. போனை மாற்றினால் பழைய போனை எக்ஸ்சேஞ்சில் கொடுத்துடாதீங்க. ஸ்கிரீன்ஷாட் எடுத்துப் பிரிண்ட் போட்டால் மட்டும் போதாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய அதினியம், பிரிவு 63-ன்படி மின்னணுப் பதிவின் நகலோடு ஒரு சான்றிதழ் சேர்த்துக் கொடுக்கணும். அதில் ஒரு பகுதியைப் பதிவைத் தாக்கல் செய்பவரும், இன்னொரு பகுதியை நிபுணரும் நிரப்பணும். வக்கீலிடம் இதை நினைவுபடுத்துங்க. கல்யாணப் படங்களும் அப்படித்தான், வாட்ஸ்அப்பில் சுற்றி வந்த படத்தில் எடுத்த தேதி முதலான விவரம் அழிந்துபோயிருக்கும். போட்டோகிராபரிடம் இருக்கும் மூலக் கோப்பை வாங்கி வைங்க.

போன் பேச்சைப் பதிவு பண்ணலாமா என்று கேட்பீங்க. கணவன் மனைவிக்கு இடையிலான வழக்கில் ரகசியமாகப் பதிவு செய்த உரையாடலையும் ஆதாரமாக ஏற்கலாம் என்று 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கு. அதுக்காக நாள் முழுக்க ரெக்கார்டரை ஓடவிட்டுக் குடும்பம் நடத்த முடியாது. அது உங்க விருப்பம்.

அடுத்து பணம். இதைப் பேசத்தான் எல்லோரும் தயங்கறாங்க. மாப்பிள்ளை வீட்டார் கேட்டுக் கொடுத்த பணம் என்றால் அது வரதட்சணை. வாங்குவதும் குற்றம், கொடுப்பதும் குற்றம். "கொடுத்தோம்னு சொன்னா எங்களையே உள்ள போட்டுட மாட்டாங்களா?" என்ற பயம் நியாயமானது. பாதிக்கப்பட்டவர் கொடுக்கும் வாக்குமூலத்தை வைத்து அவர் மேலேயே வரதட்சணை வழக்குப் போட முடியாது என்று அந்தச் சட்டத்தின் 7-வது பிரிவிலேயே பாதுகாப்பு இருக்கு. 6-வது பிரிவு இன்னும் முக்கியம். வரதட்சணையாக யார் வாங்கியிருந்தாலும் அதை மூன்று மாதத்துக்குள் அந்தப் பெண்ணிடம் ஒப்படைக்கணும், அதுவரை அவளுக்காக வைத்திருக்கும் பொறுப்பாளி மட்டும்தான் அவர். ஒப்படைக்காவிட்டால் ஆறு மாதம் முதல் இரண்டு வருஷம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். ரொக்கமாகக் கொடுத்ததை நிரூபிப்பதுதான் கஷ்டம். மண்டபத்து மாடியில் துண்டுக்குள் மறைத்துக் கொடுத்த பணத்துக்கு யார் சாட்சி சொல்ல வருவாங்க? கணக்கில் இருந்து எடுத்த தேதியும், தரகரோ பெரியவரோ கூட இருந்தது என்ற வாக்குமூலமும்தான் மிச்சம்.

கேட்க வேண்டியது யார் என்பதிலும் ஒரு தப்பு நடக்குது. நம்ம ஊரில் அப்பாதான் முன்னால் நின்று புகார் எழுதுவார், செலவு பண்ணியது அவர்தானே. தெலங்கானாவில் ஒரு அப்பா, மகளுக்கு விவாகரத்து ஆகி மறுமணமும் முடிந்த பிறகு, பழைய சம்பந்தி வீட்டார் மேல் சீதனத்தைக் கேட்டு வழக்குப் போட்டார். 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. சீதனத்துக்கு மகள் மட்டுமே சொந்தக்காரி, அவள் அதிகாரம் கொடுக்காமல் அப்பா கேட்க முடியாது என்பது காரணம். ஆகவே மனு பொண்ணு பேரில் இருக்கட்டும், அப்பா அம்மா சாட்சியாக வரட்டும்.

எங்கே போவது? குடும்ப வன்முறைச் சட்டம் 2005-ன் கீழ் நீதித்துறை நடுவரிடம் மனு கொடுத்தால், 19-வது பிரிவில் சீதனத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி உத்தரவு வாங்கலாம். வழக்கு முடியும்வரை லாக்கரைத் திறக்கக் கூடாது, நகையை விற்கக் கூடாது என்றும் 18-வது பிரிவில் தடை கேட்கலாம். இந்தத் தடையை முதல் மனுவிலேயே கேளுங்க, நகையை உருக்கிட்டா அப்புறம் எண்ணும் இல்லை, டிசைனும் இல்லை. இதுக்கு மனு எழுத உதவுவது மாவட்டத்தில் உள்ள பாதுகாப்பு அலுவலர். மாவட்ட சமூக நல அலுவலகத்தில் கேட்டால் வழிகாட்டுவாங்க. பிரிந்து ரொம்ப நாள் ஆச்சே என்றால், சீதனத்தைத் தராமல் வைத்திருப்பது தொடர் குற்றம் என்று 2015-ல் உச்ச நீதிமன்றம் இந்தச் சட்டத்தின் கீழ் சொல்லியிருக்கு. மற்ற வழக்குகளுக்குக் காலக்கெடு உண்டு, தள்ளிப்போடாதீங்க. பெரிய தொகை, நிறைய நகை என்றால் குடும்ப நல நீதிமன்றத்தில் தனி வழக்குப் போடலாம். அங்கே சாட்சிய விதிகளும் கொஞ்சம் தளர்வு. அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் புகார் கொடுக்கலாம், ஆனால் கிரிமினல் வழக்கில் நிரூபணம் கடுமை என்பதை நினைவில் வைங்க. இந்தச் சட்டங்கள் எந்த மதத்துப் பெண்ணுக்கும் பொருந்தும். விவாகரத்தான முஸ்லிம் பெண்களுக்குக் கூடுதலாக 1986-ம் வருஷச் சட்டமும் இருக்கு.

வக்கீலுக்குக் காசு இல்லை என்பது காரணமாக இருக்க வேண்டாம். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. சேலத்திலும் நாமக்கல்லிலும் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கு. 15100 என்ற எண்ணுக்குக் கூப்பிட்டாலும் போதும். பெண்கள் உதவி எண் 181.

மனுவில் நகையை வெறும் ரூபாயாக எழுதாதீங்க. நகை வாரியாக எடையை எழுதி, "நகையாகத் திருப்பித் தரணும், இல்லாவிட்டால் கொடுக்கும் நாளின் சந்தை மதிப்பு" என்று கேட்கச் சொல்லுங்க. கல்யாணத்தன்னைக்கு இருந்த விலையை எழுதிட்டா, அதுவே வந்து நிற்கும்.

கடைசியா, பாதிப் பிரச்சினை ஸ்டேஷனிலோ பெரியவங்க முன்னாலோ பேசித்தான் முடியுது. நகையைத் துணிப்பையில் கொண்டுவந்து மேசை மேல் கொட்டுவாங்க. அழுகையும் சத்தமுமா இருக்கும். பொண்ணும் சரி சரின்னு கையெழுத்துப் போட்டுட்டு வந்துடும். வீட்டுக்கு வந்து பார்த்தால் ஆரம் இருக்கும், வளையல் நாலில் ரெண்டு இருக்காது. "எல்லா நகையும் பெற்றுக்கொண்டேன்" என்று எழுதிக் கொடுத்த பிறகு கேட்க வழியில்லை. எடை மெஷின் கொண்டுவரச் சொல்லுங்க. ஒவ்வொண்ணாக எடை போட்டு, வந்தது எது, வர வேண்டியது எது என்று தனித்தனியா எழுதி, ரெண்டு தரப்பும் கையெழுத்துப் போட்ட பிறகு ஒரு நகலை வாங்கிட்டுக் கிளம்புங்க.

கேள்வி இருந்தா கேளுங்க அக்கா. பின்னாடி இருக்கிறவங்களுக்கு மைக்கைக் கொடுங்க.